நாலு இருபதுக்குக் கோத்த நூல்

காலம் உடைந்து போயிருந்தது. யாருடைய காலம் என்று கேட்காதீர்கள். அந்த வட்டாரத்தில் எல்லாருடையதும் உடைந்துதான் போயிருந்தது. பாவம், போன மாதம் வரைக்கும் ஒருவருக்கும் அது தெரியாது. உடைந்த காலத்தை வைத்துக்கொண்டே வேலைக்குப் போனார்கள், சண்டை போட்டார்கள், பிள்ளை பெற்றார்கள். பேருந்து நிலையத்துக்குப் பின்னால், பூட்டிக் கிடந்த மாடியில் ஒரு பலகை ஏறிய பிறகுதான் விஷயம் வெளியே வந்தது.

"உடைந்த காலக்கோடு ஒட்டித் தரப்படும். ஏழு படி முறை. வலி இல்லை. முன்பதிவு அவசியம்."

காலத்தையே கையில் வைத்திருக்கிறவருக்கு முன்பதிவு எதற்கு என்று ஒருவரும் கேட்கவில்லை. கேட்க நேரம் ஏது? வரிசையில் இடம் பிடிக்க வேண்டுமே! மாடிப்படியில் தொடங்கிய வரிசை செருப்புக் கடையைத் தாண்டி, பழச்சாறுக் கடையைச் சுற்றி, தபால் பெட்டி வரைக்கும் நீண்டது.

"உங்களுக்கு எங்க உடைஞ்சிருக்காம்?"

"பத்தாவது பரீட்சையிலயாம். கணக்குல. உங்களுக்கு?"

"எனக்கு மூணு இடத்துல. ஒண்ணு ஆழமா போயிருக்காம்."

சொன்னவர் முகத்தில் பெருமை. ஒரு முறிவுக்காரர் மூன்று முறிவுக்காரரை மரியாதையோடு பார்த்து, ஒதுங்கி நிழலில் இடம் விட்டார்.

ஒட்டுகிறவரை ஜனங்கள் 'ஒட்டு ஐயா' என்றார்கள். வெள்ளைக் கோட்டு, தங்க ஃபிரேம் கண்ணாடி, குரலில் கொஞ்சம் தேன். மூன்று வருஷத்துக்கு முன்னால் இதே மாடியில் முதுகுவலிக்குக் காந்தப் பாய் விற்றவர் இவர்தான். அன்றைக்குப் பாய் வாங்கிய முதுகுகள் இன்றைக்கும் வரிசையில் வளைந்தே நின்றன. முதுகுக்கு ஞாபகம் இருந்திருக்கும். தலைக்குத்தான் இல்லை.

ஐயாவின் தத்துவம் சின்னது. ஒவ்வொரு மனுஷனுக்கும் ஒரு காலக்கோடு உண்டு. எங்கேயோ ஒரு நாள் அது முறிந்துவிடுகிறது. அதற்கு அப்புறம் நீங்கள் வாழ்வது தப்பான கிளை. நோய், கடன், பக்கத்து வீட்டுக்காரன், எல்லாம் அந்தக் கிளையில் காய்த்தவை. முறிந்த இடத்தைக் கண்டுபிடித்து ஒட்டிவிட்டால் அவை நடந்திருக்கவே நடந்திருக்காது.

அறையின் இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவருக்கு ஒரு வெள்ளை நூல் கட்டியிருப்பார். செப்புக் கம்பியை நூலின் மேல் மெல்ல நகர்த்துவார். ஓரிடத்தில் கம்பி துடிக்கும்.

"பதினெட்டு வருஷத்துக்கு முன்னாடி. ஒரு வியாழக்கிழமை. 'வேண்டாம்'னு சொல்ல வேண்டிய இடத்துல 'சரி'ன்னு சொல்லியிருக்கீங்க."

உலகத்தில் அப்படி ஒரு தடவையாவது சொல்லாதவர் யார்? வந்தவர் வாயைப் பிளப்பார். நூலில் அந்த இடத்தைக் கத்தரித்து, முடிச்சுப் போட்டு, முடிச்சில் ஊதி, மணி அடித்தால் ஏழாம் படி முடிந்தது. அடுத்தவர் வரலாம்.

பலிக்காவிட்டால்? அதற்கும் ஐயாவிடம் பதில் இருந்தது. பேருந்து ஓட்டுநர் ஒருவர், நல்ல உயரம், பதினொரு தடவை ஒட்டிக்கொண்டவர், ஒரு நாள் எல்லார் முன்னாலும் கேட்டே விட்டார்.

"ஐயா, பதினொரு தரம் ஒட்டியாச்சு. போன பொண்டாட்டி இன்னும் திரும்பலியே?"

"எத்தனை பேர் போனாங்க?"

"ஒருத்திதாங்க."

"பழைய கோட்டுல ரெண்டு பேர் போயிருந்தாங்க. ஒண்ணைத் தடுத்திருக்கேன்."

"எனக்கு அப்படி ஞாபகமே இல்லையே ஐயா?"

"கோடு மாறினா ஞாபகமும் கூடவே மாறிடும். ஞாபகம் இல்லேன்னாலே வேலை பலிச்சிருச்சுன்னு அர்த்தம்."

கூட்டம் கை தட்டியது. ஓட்டுநரும் தட்டினார். பன்னிரண்டாவது தடவைக்குப் பெயர் கொடுத்துவிட்டுப் போனார். பலித்தால் ஐயாவின் திறமை. பலிக்காவிட்டால் அதைவிடப் பெரிய திறமை. இந்த மாதிரி ஒரு தொழில் யாருக்குக் கிடைக்கும், சொல்லுங்கள்.

அதே தெருவின் கடைசியில் ஒரு தையல் கடை. இரண்டு பெண்கள்தான் அதை நடத்தினார்கள். வெட்டுவதும் மிஷினில் தைப்பதும் அண்ணி. காஜா எடுப்பது நாத்தனார். பொத்தான் நுழையத் துளை வெட்டி, துளையின் வாயைச் சுற்றி நெருக்கமாக நூல் கட்டுவதற்குத்தான் காஜா என்று பெயர். மிஷினில் எடுக்கலாம். ஆனால் கனத்த கோட்டுத் துணிக்குக் கையால் எடுத்த காஜாதான் வேண்டும் என்று தேடி வருகிறவர்கள் இருந்தார்கள். நாத்தனாரைத் தெரு முழுக்கக் 'காஜாக்காரி' என்றுதான் கூப்பிட்டது.

அவள் கைக்கு ஒரு காஜா ஆறு நிமிஷம். ஐந்தரையும் இல்லை, ஏழும் இல்லை. அந்தக் கடையில் சுவர்க் கடிகாரம் கிடையாது. தேவைப்பட்டதும் இல்லை.

"உங்கண்ணன் எப்ப வர்றாரு?"

"நாலு காஜாவுல வந்துடுவாரு அண்ணி."

வந்துவிடுவார். அடுப்பில் பாலை வைத்துவிட்டு உட்காருவாள். ஒரு காஜா முடித்து எழுந்து போய் இறக்குவாள். அந்த வீட்டில் பால் பொங்கி வழிந்ததில்லை.

அண்ணிக்குத்தான் கண்ணில் கோளாறு. கண்ணுக்குள் அழுத்தம் ஏறி, பார்வை இரண்டு பக்கமும் சுருங்கிக்கொண்டு வந்தது. குழாய்க்குள் எட்டிப் பார்க்கிற மாதிரி நேராக இருப்பது மட்டும்தான் தெரியும். துணி வெட்டுகிறவளுக்குக் கண் போனால் மிச்சம் என்ன இருக்கிறது? கண் டாக்டரம்மா ஒளிக்காமல் சொன்னார்.

"போன பார்வை போனதுதாம்மா. அதை யாராலயும் கொண்டு வர முடியாது. இருக்கிறதைக் காப்பாத்தலாம். காலையில ஒரு சொட்டு, ராத்திரி ஒரு சொட்டு. ஒரு நாள்கூட விடக்கூடாது."

ஒட்டு ஐயாவும் சொன்னார்: "போனதையே கொண்டு வந்துடலாம்மா."

இரண்டில் எது காதுக்கு இனிக்கும்? உண்மை சொன்ன டாக்டரம்மாவின் வாசலில் நாலு பேர். பொய் சொன்னவர் வாசலில் தபால் பெட்டி வரைக்கும்.

ஒரு நாள் காஜாக்காரி நூல்கண்டு தேடும்போது மேஜை இழுப்பறையில் சொட்டு மருந்துப் புட்டி கையில் பட்டது. தூக்கி வெளிச்சத்தில் பார்த்தாள்.

"அண்ணி, இது ஏன் குறையவே இல்ல?"

"காலம் பின்னாடி போகுதுல்ல, அதான்" என்று அண்ணி சிரித்தாள். சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது.

"எத்தனை நாளா விடல?"

அண்ணி இழுப்பறையைத் தள்ளி மூடினாள்.

"அண்ணி!"

"பதினெட்டு நாள். கத்தாதேடி. ஐயா சொல்லியிருக்கார். மருந்து ஊத்தினா, நோய் இருக்குன்னு நாமளே காலத்துக்குக் கையெழுத்துப் போட்டுக் குடுக்கிற மாதிரியாம். ரெண்டு தடவை ஒட்டியாச்சு. இன்னைக்கு மூணாவது. இந்தப் புட்டியை அவர் கையாலேயே உடைச்சிடுவார். அப்புறம் நோய் வந்ததே இல்லைன்னு ஆயிடும்."

"டாக்டரம்மாகிட்ட எப்பப் போகணும்?"

"நோயே வராதவ எதுக்குடி டாக்டர்கிட்டப் போகணும்?"

காஜாக்காரி புட்டியை மேஜை மேல் வைத்தாள். திட்டலாம்; திட்டினால் அண்ணி பிடிவாதம் கூடும். பன்னிரண்டு வருஷப் பழக்கம், தெரியாதா?

"சரி, நானும் வர்றேன்."

"வா. ஆனா ஒண்ணு. அங்க மணி அடிக்கும்போது எல்லாரும் கண்ணை மூடிக்கணும். ஒருத்தர் திறந்தாலும் உள்ள இருக்கிறவங்க கோடு அறுந்துடும். நீ குறும்புக்காரி. என் கண்ணு மேல ஆணையா திறக்க மாட்டேன்னு சொல்லு."

"உங்க கண்ணு மேலயே ஆணை. திறக்க மாட்டேன்."

கையில் வேலை இருந்தது. ஐந்து பொத்தான் வைக்கிற ஒரு கோட்டு. அதையும் ஊசியையும் பைக்குள் போட்டுக்கொண்டு கிளம்பினாள்.

மாடிக்கூடத்தில் ஜன்னல் எல்லாம் திரை. வாசலில் டோக்கன் கொடுக்கிற அக்கா ஒரு தகரப் பெட்டியை நீட்டினார்.

"போன், கைக்கடிகாரம் எல்லாத்தையும் இதுல போடுங்க. கோட்டைக் கலைச்சிடும்."

"ஊசி?"

டோக்கன் அக்கா யோசித்தார். "ஊசி என்ன மணியா காட்டப் போகுது? கொண்டு போங்க."

கூடத்தில் மணி காட்ட இருந்தது ஒன்றே ஒன்று. எதிர்ச் சுவரில் சக்கரம் அளவுக்கு ஒரு பெரிய கடிகாரம். அதற்கு 'மூலக் கடிகாரம்' என்று பெயர். அது காட்டுவதுதான் அங்கே காலம்.

"அண்ணி, நீங்க உள்ள போகும்போது மணி என்ன?"

"தெரியலடி, முள்ளு மங்கலா இருக்கு."

"நாலு இருபதும்மா" என்றார் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஓட்டுநர்.

அண்ணி புட்டியை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு உள்ளே போனாள். கதவு நிலையில் தோள் இடித்தது. பக்கவாட்டில் இருந்ததால் நிலை அவளுக்குத் தெரியவில்லை. காஜாக்காரி அதைப் பார்த்தாள். உட்கார்ந்து நூல் கோத்தாள்.

ஒரு காஜா. இரண்டாவது. ஓட்டுநர் தேநீர் வாங்கி வந்தார். சூடு தாங்காமல் பெஞ்சில் வைத்தார். மூன்றாவது. எதிரே ஒரு தாய் மடியில் குழந்தையைத் தட்டித் தூங்க வைத்தாள். நாலாவது. கடிகாரமும் ஒழுங்காகத்தான் போய்க்கொண்டிருந்தது. நாலு ஐம்பதைத் தொடும்போது டோக்கன் அக்கா மேஜை மணியை மூன்று தரம் அடித்தார்.

"கண்ணை மூடுங்க! மூடுங்க! நான் சொல்ற வரைக்கும் திறக்காதீங்க!"

அறுபது பேர் கண்ணை மூடினார்கள். தேர்வறையில் மூடச் சொன்னாலும் மூடாத கண்கள். பயங்கரமான படத்தில் மூடினால்கூட விரல் இடுக்கில் பார்க்கிற கண்கள். அன்றைக்கு ஒன்றுகூட அரையளவு திறக்கவில்லை. காஜாக்காரியும் மூடினாள். சத்தியம் சத்தியம்தான். கண்தான் மூடியது. விரலுக்கு யாரும் ஆணை வாங்கவில்லையே! ஐந்தாவது காஜாவின் கடைசி நாலு கட்டுகளை அது தானாகக் கட்டி முடித்தது.

"திறக்கலாம்."

"அம்மாடியோவ்!"

"நாலு ஐம்பது இருந்துச்சே! நாலு அஞ்சு காட்டுது!"

"முக்கால் மணி பின்னாடி போயிருச்சு!"

ஒருவர் அழுதார். ஒருவர் தரையில் விழுந்து கும்பிட்டார். கதவு திறந்தது. ஒட்டு ஐயா அண்ணியின் கையைப் பிடித்து வெளியே அழைத்து வந்தார். இன்னொரு கையில் சொட்டு மருந்துப் புட்டி. டோக்கன் அக்கா கல் ஒன்றும் வாளி ஒன்றும் கொண்டு வந்து வைத்தார்.

"இந்த அம்மா கோடு முழுசா ஒட்டிருச்சு. கண்ணு நோய் இவங்களுக்கு வந்ததே இல்லை. இனிமே இது எதுக்கு?" என்று புட்டியைத் தூக்கினார்.

"ஐயா, ஒரு நிமிஷம்." காஜாக்காரி எழுந்தாள். "இப்ப மணி என்ன?"

"பார்த்தாலே தெரியுதே. நாலு அஞ்சு."

"நாலு இருபதுக்குத்தான் நான் ஊசியில நூலே கோத்தேன். பக்கத்துல இவர் சாட்சி. இப்ப நாலு அஞ்சுன்னா, இந்த அஞ்சு காஜாவை யார் எடுத்தது?"

கோட்டை விரித்துக் காட்டினாள். வரிசையாக ஐந்து காஜா, கட்டுக் குலையாமல்.

ஐயா சிரித்தார். அனுபவஸ்தர்.

"அது பழைய கோட்டுல எடுத்த காஜாம்மா. நூல் மட்டும் இங்க தங்கிருச்சு."

"அப்படியா? நூலே ஒட்டு வாங்க மாட்டேங்குது, எங்க அண்ணி கண்ணு நரம்பு மட்டும் வாங்கிக்குமா?"

"ஏம்மா, ஐயாகிட்ட வாதம் பண்ணாதே" என்று பின்னாலிருந்து ஒரு குரல்.

"வாதம் இல்லைங்க. காலம் பின்னாடி போனா என் காஜா பிரிஞ்சிருக்கணும். துணி வெறுசா இருக்கணும். பிரியலியே?"

ஓட்டுநர் மெதுவாகத் தன் தம்ளரைத் தொட்டுப் பார்த்தார். "என் தேநீர் ஆறிப்போச்சு. நாலு அஞ்சுக்கு நான் அதை வாங்கவே இல்லையே?"

குழந்தைக்காரி மடியைத் தடவினாள். "நாலரைக்கு நனைச்சான். நனைச்சது நனைச்சபடியேதான் இருக்கு."

சிரிப்பு கிளம்பியது. ஐயா முகத்தில் தேன் கொஞ்சம் வற்றியது.

"சந்தேகம் வந்தா ஒட்டு விட்டுப் போயிடும்! அந்த அம்மாவையே கேளுங்க, கண்ணு எப்படி இருக்குன்னு!"

"நல்லாத்தான் இருக்கு" என்றாள் அண்ணி. குரல் இறங்கியிருந்தது. "வெளிச்சமா இருக்கிற மாதிரி..."

காஜாக்காரி அவளுக்குப் பக்கவாட்டில் வந்து நின்றாள். கையைத் தோள் உயரத்துக்குத் தூக்கினாள்.

"அண்ணி, திரும்பாதீங்க. நேரா பாருங்க. எத்தனை விரல் காட்டுறேன்?"

"நீ இன்னும் கையைத் தூக்கவே இல்லையேடி?"

ஐந்து விரலும் விரிந்து நின்றன. கூடத்தில் எல்லாருக்கும் தெரிந்தது, அவளைத் தவிர. யாரும் சிரிக்கவில்லை.

அண்ணி கையை நீட்டித் துழாவினாள். காற்றில் நின்ற அந்தக் கை தட்டுப்பட்டது. பிடித்துக்கொண்டாள். அப்புறம் ஐயா பக்கம் முழுசாகத் திரும்பினாள்.

"என் மருந்தைக் குடுங்க."

"அம்மா, அவசரப்பட்டு..."

"குடுங்கய்யா!"

இதற்கு மேல் பேச்சில்லை, வேலைதான் என்று காஜாக்காரி முடிவு செய்தாள். "டிரைவர் அண்ணே, நீங்க நல்ல உயரம். அந்தக் கடிகாரத்தைக் கழட்டி மடியில வெச்சுக்குங்க. ஐயா இன்னொரு தடவை ஒட்டட்டும். மடியில இருக்கிற கடிகாரமும் பின்னாடி போச்சுன்னா, நானே அந்தப் புட்டியை உடைக்கிறேன்."

"தொடாதீங்க! மூலக் கடிகாரம் சுவத்தை விட்டு வந்தா ஊருக்கே ஆபத்து!"

"பன்னெண்டு தரம் ஒட்டின கோடுய்யா என்னுது. எதையும் தாங்கும்" என்று ஓட்டுநர் கடிகாரத்தை இரண்டு கையாலும் தூக்கினார்.

வந்துவிட்டது. ஊருக்கு ஒன்றும் ஆகவில்லை. சுவரில் ஒரு துளை மட்டும் இருந்தது. துளையிலிருந்து ஒரு நீளக் கம்பி, கடிகாரத்தின் முதுகில் முள்ளைத் திருப்புகிற திருகு இருந்த இடத்துக்கு நேராக நீட்டிக்கொண்டிருந்தது.

காஜாக்காரி மேஜைக்குப் போய் மணியை மூன்று தரம் அடித்தாள்.

"கண்ணை மூடாதீங்க!"

அறுபது பேர் பார்த்தார்கள். கடிகாரமே இல்லாத சுவரில் கம்பி தானாகச் சுற்ற ஆரம்பித்தது. இடது பக்கமாக, மும்முரமாக, குழம்பு கிண்டுகிற கரண்டி மாதிரி. கொஞ்ச நேரம் சுற்றிவிட்டு நின்றது. துளைக்குள்ளிருந்து ஒரு குரல் வந்தது.

"மச்சான், இது போதுமா? இன்னும் கால் மணி சுத்தணுமா? கை விட்டுப் போகுது!"

ஓட்டுநர் துளைக்குள் எட்டிப் பார்த்தார். உள்ளேயிருந்து ஒரு கண் அவரைப் பார்த்தது. ஐயாவின் மனைவியின் தம்பி.

"காலத்தைச் சுத்துறவர் இவர்தாங்களா?" என்றார் ஓட்டுநர் மரியாதையாக.

அதற்குப் பின் நடந்ததைச் சொல்ல வேண்டுமா? புட்டியை மேஜையில் விட்டுவிட்டு வெள்ளைக் கோட்டு பின்கதவை நோக்கிப் பறந்தது. படிக்கட்டில் அறுபது பேர் இறங்கினால் என்ன சத்தம் கேட்குமோ அது கேட்டது. காவல் நிலையத்தில் ஐயா கையெழுத்துப் போட்டபோது தேதி என்ன என்று கேட்டாராம். ஓட்டுநர் மட்டும் பெஞ்சில் உட்கார்ந்து, மடியில் கடிகாரத்தை வைத்துக்கொண்டு யோசித்தார்.

"அப்போ என் பொண்டாட்டி எப்பவும் ஒருத்திதான் போயிருக்கா. அதுவும் என் கத்தல் பொறுக்காம." கடிகாரத்தை இறக்கி வைத்துவிட்டு, "போய் மன்னிப்புக் கேட்டுப் பாக்கட்டுமா?" என்றார்.

"அதுதான் அண்ணே ஒட்டு" என்றாள் காஜாக்காரி.

மறுநாள் டாக்டரம்மா கருவியில் பார்த்தார். பதினெட்டு நாளில் இடது கண்ணில் இன்னும் கொஞ்சம் ஓரம் போயிருந்தது. அது திரும்பாது. எந்த மணி அடித்தாலும் திரும்பாது. அண்ணி இப்போது துணியைத் தலையைத் திருப்பித் திருப்பி வெட்டுகிறாள்; முன்பு ஒரு காஜாவில் வெட்டியதற்கு இரண்டு காஜா ஆகிறது. வெட்டு மட்டும் கோணவில்லை.

இரண்டு வாரத்தில் பக்கத்துத் தெருவில் புதுப் பலகை ஏறியது. "தொலைந்த எதிர்காலம் கண்டுபிடித்துத் தரப்படும்." வரிசையும் நின்றது. முன்பு மூன்று முறிவு என்று பெருமைப்பட்டவர் முதல் ஆளாக நின்றார். அவருக்கு எதிர்காலமும் மூன்று இடத்தில் தொலைந்திருந்ததாம்.

காலையில் தையல் கடையைத் திறந்ததும் முதல் வேலை சொட்டு மருந்துதான். அண்ணி தலையை நிமிர்த்தி உட்காருவாள். காஜாக்காரி இமையை விலக்கி ஒரு சொட்டு விடுவாள்.

"கண்ணை மூடுங்க அண்ணி."

"எதுக்கு?"

"மருந்து வழிஞ்சு வெளியே போயிடாம உள்ளே இறங்கணும். அதுக்கு."

"எவ்வளவு நேரம்?"

"ரெண்டு நிமிஷம். டாக்டரம்மா சொன்னாங்க. வேணும்னா நீங்களே கேட்டுப் பாருங்க."

"சரி, மூடுறேன்."

காஜாக்காரி சிரித்தாள். "இந்த 'எதுக்கு'வை முதல் நாளே அந்த மாடியில கேட்டிருந்தா, பதினெட்டு நாள் மிச்சம் அண்ணி."

கேட்கவில்லை. அறுபது பேரில் ஒருவரும் கேட்கவில்லை. நீங்களாவது கேளுங்கள். கண்ணை மூடச் சொல்கிறவருக்குக் காரணம் இருந்தால் சொல்லுவார். இல்லாவிட்டால் கோபித்துக்கொள்ளுவார். அந்தக் கோபத்தைக் கண்ணைத் திறந்துகொண்டே நன்றாகப் பாருங்கள்.